நான் வைக்கிறன்

இங்கிலிஷ் மனிசி ஓர் அறைக்குள் நேரே நுழைந்து நான் பார்த்ததில்லை. வாசலில் நின்று நிலையில் ஒரு கையை வைப்பார். உள்ளே யார் இருக்கிறார்கள், வெளிச்சம் எந்தப் பக்கமிருந்து விழுகிறது என்று பார்த்துக்கொள்வார். அதற்குப் பிறகுதான் உள்ளே காலடி. குசினியில் நான் ஒருத்தி மட்டும் பாத்திரம் கழுவிக்கொண்டு நின்றாலும் இப்படித்தான். கழிவறைக்குப் போகிற அவசரத்திலும் இப்படித்தான். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். நடுவில் ஏதாவது நடந்துவிட்டால் துடைக்கப்போகிறவள் நான் அல்லவா?

மேடைப் பழக்கம் என்பார். சாவதற்குப் போகும்போதும் வாசலில் நின்று பார்த்துவிட்டுத்தான் போவேன் என்று ஜெர்மனில் சொல்லிச் சிரிப்பார். அவருடைய ஜெர்மன், நாங்கள் இருந்த ஹம் நகரத்து ஜெர்மன்காரர்களின் ஜெர்மனைவிடத் துப்புரவானது. ஒரு எழுத்தையும் விழுங்கமாட்டார்.

வீடு வீடாகப் போய் வயதானவர்களைக் குளிக்க வார்த்து, உடுப்பு மாற்றி, மருந்து கொடுக்கிற வேலை எனக்கு. என் தங்கச்சிக்கும் அதே வேலைதான். இரண்டு பேரும் ஒரே கொம்பனியில், ஆளுக்கொரு சின்ன வெள்ளைக் காரில் ஓடித் திரிந்தோம். இங்கிலிஷ் மனிசி தங்கச்சியின் பங்கு. ஸ்டேஷனுக்குப் பின்பக்கத் தெருவில், மாடி வீட்டில் தனியாக இருந்தார். ஒரு காலத்தில் லண்டனில் நாடகமும் சினிமாவும் நடித்தவர் என்று தங்கச்சி சொன்னபோது நான் நம்பவில்லை. வயதானவர்கள் எல்லோரும் ஒரு காலத்தில் ஏதோ ஒன்றாக இருந்தவர்கள்தான். என்னிடம் குளிக்கிற ஒரு தாத்தா தான் கப்பல் கப்டன் என்கிறார். மகளைக் கேட்டால் மீன் கடையில் நின்றவராம்.

வாசல் மணியில் அவருடைய பெயர் இருந்தது. நாங்கள் ஒருநாளும் அதைச் சொல்லவில்லை. எங்களுக்கு அவர் இங்கிலிஷ் மனிசிதான். அந்தப் பெயரும் தன்னுடையதல்ல, வேலை பிடித்துக் கொடுத்த ஏஜெண்ட் வைத்தது என்று அவரே பிறகு சொன்னார்.

தங்கச்சிக்கு வயிற்றில் புற்றுநோய் என்று கண்டுபிடித்து ஒரு கோடை முழுதாக முடியவில்லை, போய்விட்டாள். அவள் வேலைக்குப் போன வீடுகளை எங்களுக்குள் பிரித்துத் தந்தார்கள். இங்கிலிஷ் மனிசியை நானாகக் கேட்டு வாங்கினேன். தங்கச்சிக்கு அவரில் விருப்பம் என்று எனக்குத் தெரியும்.

முதல் நாள் காலை. திறப்பு என்னிடம் இருந்தது. திறந்து நடைக்குள் போய்ச் சப்பாத்தைக் கழற்றிக்கொண்டிருந்தேன். குசினிக்குள்ளிருந்து என் தங்கச்சி பேசினாள்.

“அம்மா, நான்தான் கதைக்கிறன். சாப்பிட்டனீங்களோ?”

அவளை அடக்கம் செய்து ஒரு மாதமும் ஆகவில்லை. குனிந்த என்னால் நிமிர முடியவில்லை. கொஞ்சம் மூக்கால் வருகிற அதே குரல். ‘அம்மா’ என்றதற்குப் பிறகு மூச்சை ஒருதரம் உள்ளே இழுக்கிற அதே இழுப்பு; சின்ன வயதில் தொய்வு என்கிற மூச்சு வருத்தம் வந்ததால் அவளுக்கு மிஞ்சியது அது. ஒற்றைச் சப்பாத்தோடு போய்க் குசினியை எட்டிப் பார்த்தேன். யன்னலோரக் கதிரையில் ஒரு வெள்ளைக்காரக் கிழவி ஒரு காலை மடித்து மற்றக் காலின் கீழ் வைத்துக்கொண்டிருந்தார். தங்கச்சி கதிரையில் இருக்கிற விதம் அது.

என்னைக் கண்டதும் காலை இறக்கிவிட்டு, துப்புரவான ஜெர்மனில், நீ அக்கா அல்லவா, மன்னித்துக்கொள், நீ வருகிற நேரம் தெரியாது என்றார். நான் படியிறங்கி வந்து காருக்குள் ஏறிக் கதவைப் பூட்டிக்கொண்டேன். அன்று பின்னேரம் வீட்டில் சொன்னபோது என் மனிசன், பேய் பிடிச்ச வீடு, கொம்பனியில் சொல்லி மாற்று என்றார். மாற்றவில்லை. பேய்க்குப் பயம்தான். ஆனால் அந்தக் குரலை இன்னொரு தரம் கேட்க வேண்டும்போல இருந்தது. மறுநாள் வழமையைவிட நேரத்தோடு போனேன்.

நடந்தது இதுதான். தங்கச்சி ஞாயிற்றுக்கிழமை வேலை முடிந்ததும் அந்தக் குசினியில் இருந்துதான் யாழ்ப்பாணத்துக்கு அம்மாவுக்கு டெலிபோன் எடுப்பாள். இங்கே எடு, நான் கேட்டுக்கொண்டிருக்கிறேன் என்று மனிசியே சொல்லியிருக்கிறார். விளங்காத பாஷையை ஏன் கேட்கிறீர்கள் என்று தங்கச்சி கேட்டதற்கு, விளங்கினால் சொல்லைத்தான் கேட்பேன், விளங்காவிட்டால்தான் ஆளைக் கேட்கலாம் என்றாராம்.

கேட்கிறதற்கும் குறைவில்லாமல் இருந்தது. தங்கச்சியும் அம்மாவும் சண்டை பிடிக்காமல் கதைத்த நாள் கிடையாது. அம்மா கல்யாணப் பேச்சை எடுப்பா. இவள் பாய்வாள். அம்மா யாரையாவது ஒப்பிட்டுச் சொல்லுவா. இவள் இன்னும் பாய்வாள். கடைசியில் இவள் சொல்லுவது ஒன்றுதான்: “போங்கோ அம்மா, உங்களோடை கதைக்க ஏலாது. நான் வைக்கிறன்.” சொல்லிவிட்டு வைக்கமாட்டாள். றிசீவரைக் காதில் பிடித்துக்கொண்டு காத்திருப்பாள். அங்கேயிருந்து அம்மா, “வையன் பாப்பம்” என்று சவால் விடுவா. இவள் சிரித்துவிடுவாள். பிறகு இன்னும் அரை மணித்தியாலம் கறி புளி, காய்ச்சல், ஊர்ப் புதினம் என்று போகும். கடைசிவரை இரண்டு பேரில் ஒருவரும் வைத்ததில்லை. டெலிபோன் கார்ட் முடிந்துதான் அறுபடும்.

இங்கிலிஷ் மனிசி எல்லோரையும் அப்படி எடுத்து வைத்திருந்தார். எங்கள் கொம்பனி முதலாளி அம்மா, தபால்காரன், கீழ்வீட்டுக் கிழவி, டொக்டரின் உதவியாளர் பெண். அந்தப் பெண் டொக்டரைப் பார்க்க டேர்மின் தராமல் இழுத்தடித்தால் டொக்டரின் குரலில் அவளுக்கு டெலிபோன் எடுத்து, இந்த அம்மாவை நாளைக்கே வரச்சொல் என்பார். டேர்மின் கிடைத்துவிடும். பிறகு டொக்டரிடம் போய் அதே குரலில் அவருக்கே வணக்கம் சொல்லுவார். டொக்டர் சிரிப்பதா முறைப்பதா என்று தெரியாமல் இரத்த அழுத்தம் பார்ப்பார்.

என்னையும் எடுத்திருந்தார். நான் படி ஏறி வந்தவுடன் இடுப்பில் கை வைத்து, “ஐயோ மாதாவே” என்று மூச்சு விடுவேனாம். எனக்கே தெரியாது. அவர் செய்து காட்டினபோது வெட்கமாக இருந்தது. பிறகு கொஞ்சம் பயமாகவும் இருந்தது.

இது பகிடிக்குச் செய்கிறதல்ல என்பார். பகிடி செய்கிறவன் குரலைப் பிடிக்கிறான். அது சந்தையில் செய்கிற வித்தை. ஒருத்தி எந்த இடத்தில் மூச்சு விடுகிறாள், எதைச் சொல்லாமல் விழுங்குகிறாள் என்று பார்க்க வேண்டும். அது கிடைத்தால் குரல் தானாக வந்து இருந்துவிடும். இருந்தது பிறகு போகாது. எடுக்கத் தெரியும், திருப்பிக் கொடுக்கத் தெரியாது, அதுதான் என் வருத்தம் என்று மருந்தை விழுங்கிக்கொண்டே சொல்லுவார்.

நடித்ததெல்லாம் உண்மைதான் என்று எனக்குத் தெரிந்தது ஒரு மழைநாள் மத்தியானம். பழைய வீடியோக் கசெட் ஒன்றைப் போடச் சொன்னார். கறுப்பு வெள்ளைப் படம். பெரிய மாளிகை, மெழுகுதிரி, படியில் இறங்கி வருகிற ஒரு இளம் அழகி. அழகி வாயைத் திறந்தாள். எனக்குப் பக்கத்தில் கம்பளியைப் போர்த்துக்கொண்டு இருந்த கிழவியின் குரல் அதற்குள்ளிருந்து வந்தது. நான் அவரைப் பார்த்தேன். அவர் வாய் மூடியபடி இருந்தது.

அந்த அழகி வேறு நாட்டிலிருந்து கொண்டுவந்தவளாம். ஆங்கிலம் வராது. முகம் அவளுடையது, பேச்சு இவருடையது. அந்த நாளில் அது லண்டனில் வழமையான வேலையாம். இப்படிப் பல பேருக்கு, கண்ணாடி அறைக்குள் நின்று, திரையில் அசைகிற வாயைப் பார்த்துப் பார்த்துப் பேசியிருக்கிறார். சிறு நகரங்களில் மேடையில் ராணியாகவும் கொலைகாரியாகவும் நின்றவர். சினிமாவில் அவர் சொந்த முகத்தோடு வந்தது கொஞ்சம்தான். பெரும்பாலும் செத்துப்போன மனைவி. நாயகன் நினைத்துப் பார்க்கும்போது யன்னலில் நிற்பார், அவ்வளவுதான்.

அந்த அழகி இப்போது எங்கே என்று கேட்டேன். செத்துவிட்டாள், ஆனால் என்னோடு இருக்கிறாள் என்று சொல்லி, அவளுடைய மூச்சை விட்டுக் காட்டினார். நான் டிவியை நிற்பாட்டிவிட்டுத் தேத்தண்ணீர் போடப் போனேன்.

உங்களுடைய சொந்தக் குரல் எது என்று ஒருநாள் கேட்டேன். நியாயமான கேள்வி என்றார். வடக்கே ஒரு துறைமுகப் பட்டினத்தில் பிறந்தேன், அங்கே ஏதோ ஒன்று இருந்தது, நாடகப் பள்ளிக்கூடத்தில் அதை விட்டுவிட்டு வரச் சொன்னார்கள் என்றார். ஒரு குடையைத் தவறவிட்டதைச் சொல்லுவதுபோலத்தான் சொன்னார்.

கீழ்வீட்டுக் கிழவியின் நாயை வைத்து நடந்ததை நான் மறக்கமாட்டேன். கிழவியின் புருஷன் செத்துச் சில காலம். ஒருநாள் படிக்கட்டில் நாய் கிழவிக்கு அடங்காமல் இழுத்துக்கொண்டு நின்றது. மேலேயிருந்து இங்கிலிஷ் மனிசி, செத்த மனிதனின் குரலில் அதன் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுவிட்டார். நாய் அப்படியே நின்றது. பிறகு ஒவ்வொரு கதவாக முகர்ந்தது. மேலே ஓடியது, கீழே ஓடியது. சில நாட்கள் தெருக்கதவடியில் சாப்பிடாமல் கிடந்தது. மனிசி அந்த நாட்களில் யன்னல் பக்கமே போகவில்லை. மிருகத்துக்குச் செய்யக்கூடாது என்று என்னிடம் சொன்னார். மனிசருக்குச் செய்யலாம், மனிசருக்கு அது நடிப்பு என்று தெரியும் என்றார்.

இனி அம்மாவின் கதையைச் சொல்ல வேண்டும்.

அம்மா யாழ்ப்பாணத்தில் சின்னம்மாவோடு இருந்தா. நெஞ்சுவருத்தக்காரி. தங்கச்சி செத்தபோது ரொறொன்ரோவில் இருக்கிற அண்ணை டெலிபோனில் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்: அம்மாவுக்குச் சொல்லக்கூடாது, சொன்னால் இன்னொரு சாவீடு வரும். எங்கள் சனம் எல்லாம் செய்கிறதுதான். தூரத்தில் ஒரு சாவு நடந்தால் ஊரிலுள்ள தாய்க்கு மறைக்கிறது. சின்னம்மா படலையில் நின்று வருகிறவர்களுக்கெல்லாம் வாய் திறக்கக்கூடாது என்று சொல்லி உள்ளே விட்டா. அம்மாவை மாதா கோயிலுக்கும் கூட்டிப் போகவில்லை. சமாதானப் பேச்சு நடந்த காலம். போக்குவரத்து இருந்தது, வருகிற சனமும் அதிகம்.

நான் டெலிபோன் எடுக்கும்போதெல்லாம் அம்மா, சின்னவள் எங்கை என்று கேட்பா. தொண்டையில் ஒப்பரேஷன், கதைக்கக்கூடாது என்றேன். பிறகு வேலை மாற்றம் என்றேன். பிறகு திரும்பவும் தொண்டை என்றேன். அம்மா எதையும் மறுத்துப் பேசவில்லை. அதுவே எனக்கு ஆக்கினையாக இருந்தது. ஒருநாள் அமைதியாகச் சொன்னா: “எனக்கு வேறை ஒண்டும் வேண்டாம் பிள்ளை. அவளின்ரை சத்தத்தை ஒருக்கால் கேட்டாக் காணும்.”

அண்ணையிடம் சொன்னேன். சமாளி என்றார். அவர் கனடாவில் இருந்து சமாளி என்றுதான் சொல்லுவார்.

தங்கச்சியின் குரலில் அம்மாவோடு ஒருதரம் கதைக்க ஏலுமா என்று நான் இங்கிலிஷ் மனிசியிடம் கேட்டேன். அவருடைய தலைமயிரைச் சீப்பால் இழுத்துக்கொண்டிருந்தபோது கேட்டேன். முகம் பார்த்துக் கேட்டிருக்க மாட்டேன். அவர் மாட்டேன் என்றார். அன்றைக்குத்தான் லண்டனை விட்டு ஏன் வந்தார் என்று சொன்னார்.

ஒரு பெரிய நாடகம் ஓடிக்கொண்டிருந்ததாம். நாயகியாக நடித்தவர் நடுவில் வருத்தமாகப் படுத்துவிட்டார். இவர் அவருக்குப் பதிலாக மேடை ஏறினார். அந்த நாயகி செய்ததை அப்படியே செய்தார். சபைக்கு வித்தியாசம் தெரியவில்லை. நாயகி ஆஸ்பத்திரியிலேயே இறந்துபோனார். அடக்கம் முடிந்த வாரம் அவருடைய புருஷன் மேடைக்குப் பின்னால் வந்து, என் பெயரை அவள் குரலில் ஒருதரம் சொல் என்று கேட்டிருக்கிறார். இவர் சொன்னார். அந்த மனிதன் மறுநாளும் வந்தார். அதற்கு மறுநாளும் வந்தார். கடைசியில், அவளைத் தா, நீ வைத்திருக்கிறாய் என்று கையைப் பிடித்து இழுத்திருக்கிறார். இவர் ஜெர்மனியில் நின்ற பிரிட்டிஷ் பட்டாளத்துக்கு நாடகம் போட வந்த ஒரு சின்னக் குழுவோடு சேர்ந்து இங்கே வந்துவிட்டார். வெளிச்சம் போட வந்த ஹம் நகரத்து மனிதனைக் கட்டி, அவர் செத்த பிறகும் இங்கேயே நின்றுவிட்டார்.

அந்த மனிதனுக்கும் அது நடிப்பு என்று தெரியுமே என்று நான் கேட்டேன். தெரிந்திருந்தது, தெரிந்தும் வந்தான், அதுதான் நாயைவிட மோசம் என்றார்.

ஆனாலும் நான் அழுதுகொண்டு நின்றதைப் பார்த்து, பிறகு ஒத்துக்கொண்டார். மூன்று வசனம் போதும் என்று நான் சொன்னேன். நான்தான் கதைக்கிறன், சாப்பிட்டனீங்களோ. நான் நல்லா இருக்கிறன். சுகமா இருங்கோ. அவருக்கு அந்த மூன்றும் முன்பே பாடம். அவர் நாலாவது ஒன்று வேண்டும் என்றார். சொல்லிக்காட்டினார். “போங்கோ அம்மா, உங்களோடை கதைக்க ஏலாது. நான் வைக்கிறன்.”

அதன் அர்த்தத்தைச் சொன்னேன். நெஞ்சுவருத்தத்தோடு மகளின் சத்தத்தைக் கேட்கக் காத்திருக்கிற தாய்க்கு இதையா சொல்வது? வேண்டவே வேண்டாம் என்றேன். அவர் பிடிவாதமாக நின்றார். அர்த்தம் எனக்குத் தெரியாது, ஆனால் ஒவ்வொரு ஞாயிறும் அவள் முழு ஆளாக இருந்தது அந்த ஒரு இடத்தில்தான், அது இல்லாவிட்டால் இது வெறும் சத்தம் என்றார். நான் ஒத்துக்கொள்ளவில்லை. என் அம்மா, என் தங்கச்சி. இவருக்கு என்ன தெரியும் என்று நினைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை. குசினியில் டெலிபோனை எல்லோருக்கும் கேட்கிற மாதிரிப் போட்டு, அம்மாவோடு முதலில் நான் கதைத்தேன். சின்னவள் நிற்கிறாள், கனக்கக் கதைக்க ஏலாது, கொஞ்சம் கேளுங்கோ என்றேன். இங்கிலிஷ் மனிசி வெளியே போயிருந்தார். வாசலில் வந்து நின்றார். நிலையில் கை வைத்தார். உள்ளே பார்த்தார். உள்ளே வந்தது என் தங்கச்சி. தலைமயிர் நரைத்து, தோல் சுருங்கி, வேறு நிறத்தில் என் தங்கச்சி நடந்து வந்து, கதிரையில் காலை மடித்து இருந்தாள்.

“அம்மா, நான்தான் கதைக்கிறன். சாப்பிட்டனீங்களோ?”

 பிறகு அம்மா, “ஓம் பிள்ளை” என்றா. எப்படி இருக்கிறாய் என்றா. நான் நல்லா இருக்கிறன் என்று பதில் போனது. மெலிஞ்சு போனியோ என்று அம்மா கேட்டா. அதற்கு எங்களிடம் வசனம் இல்லை. மனிசி தங்கச்சியின் மூச்சை இழுத்து, தங்கச்சி சிரிக்கிற சிரிப்பைச் சிரித்தார். பிறகு சுகமா இருங்கோ என்றார். முடிந்தது.

முடிந்த பிறகும் அம்மா வைக்கவில்லை. அவவின் மூச்சு குசினி முழுக்கக் கேட்டது. எதற்கோ காத்திருக்கிற மூச்சு. இங்கிலிஷ் மனிசி என்னைப் பார்த்து வாயைத் திறந்தார். நான் தலையை ஆட்டி வேண்டாம் என்றேன். அவர் வாயை மூடிக்கொண்டார். கொஞ்ச நேரத்தில் அந்தப் பக்கம் டெலிபோனை வைக்கிற சத்தம் கேட்டது. எனக்குத் தெரிந்து அம்மா முதலில் வைத்தது அன்றைக்குத்தான்.

அடுத்த கிழமை சின்னம்மா அழுதுகொண்டு டெலிபோன் எடுத்தா. அம்மா தானாக வெளிக்கிட்டுக் கோயிலுக்குப் போய், சுவாமியாரைக் கண்டு, சின்னவளின் பெயரைச் சொல்லி, அவளின் ஆத்துமத்துக்குப் பூசை ஒப்புக்கொடுத்திருக்கிறா. பூசையில் முன் வாங்கில் நேராக இருந்தாவாம். நெஞ்சுக்கு ஒன்றும் ஆகவில்லை.

அம்மாவோடு கதைத்தேன். நான் அழுது முடியும்வரை பொறுத்திருந்தா.

“எனக்கு எப்பவோ தெரியும் பிள்ளை” என்றா. “வாற சனமெல்லாம் சாவீட்டுக்காரியைப் பாக்கிற மாதிரித்தான் என்னைப் பாத்தவை. நீங்கள் சொல்லுவியள் எண்டு பாத்துக்கொண்டிருந்தனான். சத்தத்தைக் கேக்க வேணும் எண்டு ஏன் கேட்டனான்? அப்பவாவது சொல்லுவியள் எண்டுதான்.”

நான் றிசீவரை மற்றக் காதுக்கு மாற்றினேன்.

“பிறகு சத்தம் வந்திட்டுது. ஒரு நிமிஷம் நம்பிப்போட்டன். என்ரை பிள்ளை எண்டு நினைச்சுப்போட்டன்.” அம்மாவின் குரல் அப்போதுதான் உடைந்தது. “பிறகு பாத்தன், சண்டை பிடிக்கிறாளில்லை. என்னோடை சண்டை பிடிக்காமல் அவள் ஒருநாளும் கதைச்சதில்லை. அப்ப சரி, செத்துத்தான் போனாள் எண்டு வைச்சிட்டன்.”

கதைத்தது யார் என்று கேட்டா. சொன்னேன். அந்த மனிசியைச் சுகம் கேட்டதாகச் சொல்லு என்றா. நான் இங்கிலிஷ் மனிசியிடம் எல்லாவற்றையும் சொன்னபோது, நான் அப்போதே சொன்னேனே என்று அவர் குத்திக்காட்டவில்லை. உன் அம்மா காத்திருந்தார் அல்லவா என்று மட்டும் கேட்டார். அந்த மூச்சு அவருக்கும் கேட்டிருக்கிறது. அதற்குப் பிறகு தங்கச்சியின் குரலை அவர் எடுக்கவில்லை. ஆனால் அவர் சும்மா இருக்கும்போது, யன்னலைப் பார்த்துக்கொண்டு இருக்கும்போது, உதடு அந்த நாலாவது வசனத்துக்கு அசைவதை நான் கண்டிருக்கிறேன். முடிக்காமல் விட்ட வசனம் அவருக்குள் கிடந்து அரித்திருக்க வேண்டும்.

சில வருடம் போனது. ஊரில் திரும்பச் சண்டை தொடங்கிப் பாதையை மூடினார்கள். யாழ்ப்பாணத்துக்கு லைன் கிடைப்பது பெரும்பாடாகிவிட்டது. அந்த நேரத்தில் இங்கிலிஷ் மனிசிக்குப் பாரிசவாதம் அடித்தது. ஆஸ்பத்திரியில் கிடந்து, பிறகு ஒரு முதியோர் இல்லத்துக்குக் கொண்டுபோனார்கள். வாய் ஒரு பக்கம் இழுத்துவிட்டது. பேச்சில்லை என்றார்கள். ஆங்கிலம் போய்விட்டது, ஜெர்மனும் போய்விட்டது. டொக்டரும் தபால்காரனும் நானும் அந்த மாளிகை அழகியும் எல்லோரும் ஒரே நாளில் போய்விட்டோம்.

ஒரு பின்னேரம் வேலை முடிந்து பார்க்கப் போனேன். அங்கே வேலை செய்கிற பெண் நடையிலேயே என்னை மறித்தாள். காலையிலிருந்து அந்த அம்மா ஏதோ பேசுகிறார், எங்களுக்கு விளங்கவில்லை என்றாள். அறை வாசலுக்குப் போகமுதலே எனக்குக் கேட்டது.

“போங்கோ அம்மா, உங்களோடை கதைக்க ஏலாது. நான் வைக்கிறன்.”

கோணின வாயிலிருந்து, கொஞ்சமும் கோணாமல், தங்கச்சியின் குரல். சொல்லிவிட்டு அவர் காத்திருந்தார். ஒன்றும் வராததால் திரும்பவும் தொடங்கினார். என்ன சொல்கிறார் என்று அந்தப் பெண் கேட்டாள். டெலிபோனை வைக்கப்போகிறேன் என்கிறார் என்றேன். அப்படியானால் வைக்க வேண்டியதுதானே என்றாள்.

அவருக்குப் பதில் வேண்டும் என்று எனக்குத் தெரியும். கட்டிலடியில் போய் நின்று, “வையன் பாப்பம்” என்று நானே சொல்லிப் பார்த்தேன். அவர் கண்ணைத் திருப்பி என்னைப் பார்த்தார். பக்கத்தில் நின்று பிழையாக வசனம் சொல்லிவிட்ட சின்ன நடிகையைப் பார்க்கிற பார்வை. பார்த்துவிட்டு முதலிலிருந்து தொடங்கினார்.

கைபேசியை எடுத்து யாழ்ப்பாணத்துக்கு அடித்தேன். கிடைக்கவில்லை. திரும்பத் திரும்ப அடித்தேன். ஒருபடியாக அம்மா வந்தா. அந்த மனிசிக்குக் கடுமை அம்மா என்றேன். அவவிட்டை இப்ப சின்னவளின்ரை சத்தம் மட்டும்தான் மிச்சம், கேக்கிறியளோ என்றேன். உங்களுக்கு ஏலாதெண்டால் வேண்டாம் என்றும் சொன்னேன்.

அம்மா அங்கே கதிரையை இழுத்துப் போட்டு இருக்கிற சத்தம் கேட்டது.

“குடு” என்றா.

கைபேசியை அவர் வாயருகே பிடித்தேன். அவர் மூச்சை இழுத்தார்.

“போங்கோ அம்மா, உங்களோடை கதைக்க ஏலாது. நான் வைக்கிறன்.”

அந்தப் பக்கம் அம்மா சிரித்தாவா அழுதாவா என்று தெரியவில்லை. ஏதோ ஒன்று தொண்டையில் தடக்கிப் பிறகு வந்தது.

“வையன் பாப்பம்.”

இங்கிலிஷ் மனிசியின் முகத்தில் அசையக்கூடிய பாதி மலர்ந்தது. தங்கச்சி சிரிக்கிற சிரிப்பு அந்தப் பாதி வாயிலிருந்து வந்தது. பிறகு முன்னையதைவிட மெதுவாக, சண்டை எல்லாம் முடிந்த குரலில், இன்னொருதரம் சொன்னார்.

“நான் வைக்கிறன்.”

“ஓம் பிள்ளை” என்றா அம்மா. “வை.”

அவர் வாயை மூடிக்கொண்டார். ஆனால் லைன் அறுபடவில்லை. அந்தப் பக்கம் அம்மாவின் மூச்சு, இந்தப் பக்கம் இவருடைய மூச்சு. இரண்டு பேரும் வைக்கவில்லை. வைக்க வேண்டியவள் நான்தான் என்று விளங்கக் கொஞ்ச நேரம் பிடித்தது. சிவப்புப் பொத்தானை அமத்தினேன். தங்கச்சியின் அடக்கத்தில் வராத அழுகை எல்லாம் அந்தக் கட்டிலடியில் வந்தது. அங்கே வேலை செய்கிற பெண் ஓடிவந்து தண்ணீர் தந்தாள்.

இங்கிலிஷ் மனிசி அதற்குப் பிறகு கொஞ்ச நாள்தான் இருந்தார். அந்தக் குரலிலும் பேசவில்லை, எந்தக் குரலிலும் பேசவில்லை. நான் ஒவ்வொரு நாளும் வேலை முடிந்து போவேன். அறைக்குள் நேரே போகமாட்டேன். வாசலில் நின்று, நிலையில் கை வைத்து, உள்ளே ஏதாவது சத்தம் கேட்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் நுழைவேன்.

அவர் போய் இவ்வளவு காலமாகியும் அது என்னை விட்டுப் போகவில்லை. என் வீட்டுக் குசினிக்குள்ளும் இப்போது அப்படித்தான் நுழைகிறேன். என்ன பார்க்கிறாய் என்று மனிசன் கேட்பார். ஒன்றுமில்லை என்று சொல்லிக்கொண்டு உள்ளே போவேன்.